உட்கார்ந்து பார்க்கிற வேலை வேண்டாம் என்று அப்பாவிடம் எப்படிச் சொல்வது?

காட்டூர்ப் பையன்

எல்லோருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

எனக்கு 23 வயது. திருச்சி காட்டூர். மெக்கானிக்கல் பி.இ. 2023லேயே முடிந்திருக்க வேண்டியது, இரண்டு அரியர் இழுத்ததில் 2024ல்தான் டிகிரி கைக்கு வந்தது. இப்போது துவாக்குடி சிட்கோவில் ஒரு ஃபேப்ரிகேஷன் ஷெட்டில் குவாலிட்டி இன்ஜினியர். பெயர்தான் பெரிது. பிளேட் வந்தால் அதில் அடித்திருக்கும் ஹீட் நம்பரை, அதாவது எந்த உருக்கில் வந்த இரும்பு என்கிற அடையாள எண்ணை, நோட்டில் எழுத வேண்டும். எந்த ஜாயிண்டை எந்த வெல்டர் போட்டார் என்று பைப்பிலேயே சாக்பீஸால் குறித்து ரிப்போர்ட்டில் ஏற்ற வேண்டும். எக்ஸ்ரே ஃபிலிம் வந்தால் ஃபைலில் வைக்க வேண்டும். மாதம் 14,500 ரூபாய்.

எங்கள் ஷெட்டில் மூத்த வெல்டர் ஒருவர் இருக்கிறார், எல்லோரும் மாமா என்றுதான் கூப்பிடுவோம். போன செப்டம்பரில் ஒரு நைட் ஷிஃப்ட். கரண்ட் போய் வந்தது, வேலை மந்தமாக இருந்தது. "எழுதிக்கிட்டே இருக்கியே, ஒரு தடவை பிடிச்சுத்தான் பாரேன்" என்று டிக் வெல்டிங் அடிக்கிற டார்ச்சைக் கையில் கொடுத்தார். முதல் ஐந்து நிமிடத்தில் டங்ஸ்டன் முனையை உருகின இரும்புக்குள் நான்கு தடவை குத்திவிட்டேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை. முனையைக் கிரைண்டரில் தீட்டித் தீட்டித் திரும்பத் தந்தார். அன்றிலிருந்து ஷிஃப்ட் முடிந்ததும் ஒன்றரை மணி நேரம் ஸ்கிராப் பைப்பில் பழகுகிறேன். ஐந்து மாதம் ஆகிவிட்டது.

ரூட், அதாவது ஜாயிண்டின் அடியில் வருகிற முதல் வரிசை, ஓட்டும்போது இரண்டு பைப் விளிம்புக்கும் நடுவில் சின்னதாக ஒரு ஓட்டை திறக்கும், சாவித்துவாரம் மாதிரி. அது பெரிதாகவும் கூடாது, மூடிக்கொள்ளவும் கூடாது. அதை அப்படியே கையோடு கூட்டிக்கொண்டு போகும்போது என் தலைக்குள் வேறு எதுவும் ஓடாது. நான்கு வருடம் கல்லூரியில் ஒரு மணி நேரம்கூட எனக்கு அப்படி இருந்ததில்லை.

இனி அப்பா. டவுன் பஸ் கண்டக்டர். சத்திரம் – துவாக்குடி ரூட்டில்தான் அதிகம் ஓடியிருக்கிறார், 27 வருட சர்வீஸ். கால் நரம்பு இரண்டும் சுருண்டு நீலமாகப் புடைத்திருக்கும், ராத்திரி தலையணை மேல் காலைத் தூக்கிவைத்துத்தான் படுப்பார். "நான் நின்னது போதும்டா, நீ உட்காரு" என்று சின்ன வயதிலிருந்து சொல்வார். எனக்கு வேலைக்கு அவர் வைத்திருக்கும் ஒரே அளவுகோல் அதுதான். உட்கார்ந்து பார்க்கிற வேலையா, நின்று பார்க்கிற வேலையா. என் படிப்புக்கு பேங்கில் வாங்கின கடன் இன்னும் ஓடுகிறது, மாதம் 4,850. அக்கா கல்யாணத்தில் சம்பந்தி வீட்டாரிடம் "பையன் இன்ஜினியர்" என்று அவர் சொன்ன விதம் இன்னும் காதில் இருக்கிறது. இப்போதைக்கு இந்த ஷெட், ஆனால் கடைசியில் டிஎன்பிஎஸ்சி என்பது அவர் முடிவு. குரூப் 4 புத்தகங்கள் அலமாரியில் அட்டை போட்டு இருக்கின்றன. அட்டை போட்டதும் அவர்தான்.

அம்மாவுக்குப் பாதி தெரியும். சட்டையில் பொட்டுப் பொட்டாக ஓட்டை பார்த்துவிட்டு, "சிகரெட்டாடா?" என்று அழாத குறையாகக் கேட்டார். வெல்டிங் பொறி என்று சொன்னதும் நிம்மதியாகிவிட்டார். அந்த நிம்மதி அப்பாவிடம் கிடைக்காது.

பொங்கலுக்கு முந்தின வாரம் ஹெல்மெட் போடாமல் இரண்டு டாக் (துண்டுகள் நகராமல் பிடித்துவைக்கிற பொட்டு வெல்டிங்) வைத்தேன், சும்மா இரண்டே இரண்டு. ராத்திரி இரண்டு மணிக்குக் கண்ணில் மணலைக் கொட்டின மாதிரி. அப்பாதான் கையைப் பிடித்துக் கண் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போனார். டாக்டர் பார்த்ததும் கேட்டார்: "வெல்டிங் வெளிச்சமா?" சூப்பர்வைஸ் பண்ணும்போது பட்டுவிட்டது என்று பொய் சொன்னேன். திரும்பி வரும்போது ஆட்டோவில் அப்பா சொன்னது: "பார்க்கத்தானே சம்பளம் தர்றாங்க. ஏன் கிட்டப் போய்ப் பார்த்தே?"

போன வாரம் ஓனர் கூப்பிட்டார். "உனக்குக் கை வருது. வேணும்னா டிரெய்னி வெல்டரா மாறிக்க. ஆறு மாசம் ஹெல்பர் கூலி. அப்புறம் கூப்பன் போட்டுப் பாஸானா வெல்டர் ரேட்" என்றார். கூப்பன் என்றால் பரீட்சைக்கு வெல்டிங் அடித்துக் காட்டுகிற பைப் துண்டு. ஹெல்பர் கூலி நாளுக்கு 550. இருபத்தாறு நாளுக்குக் கணக்குப் போட்டேன், 14,300. ஆக, இன்ஜினியருக்கும் ஹெல்பருக்கும் நடுவில் இருப்பது 200 ரூபாய். மாமாவுக்கு நாளுக்கு 1,400, ஓவர்டைம் தனி.

மாத முடிவுக்குள் பதில் சொல்ல வேண்டும். இதில் இருப்பவர்கள் சொல்லுங்கள். பி.இ. முடித்துவிட்டு 23 வயதில் ஹெல்பர் கூலிக்கு இறங்குவது பைத்தியக்காரத்தனமா? இல்லையென்றால், அப்பாவிடம் எந்த வாயால் சொல்வது?

நாலாவது அட்டெம்ப்ட்

தம்பி, வெல்டிங் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. உன் அலமாரியில் இருக்கிற புத்தகங்களைப் பற்றி நன்றாகத் தெரியும்.

2024 ஜூனில் நடந்த குரூப் 4க்கு முதலில் அறிவித்த இடங்கள் 6,244. அப்புறம் கூட்டினார்கள். விண்ணப்பித்தவர்கள் இருபது லட்சத்துக்கு மேல். பத்தாம் வகுப்பு போதும் என்கிற தேர்வுக்கு என் ஹாலில் முன் பெஞ்சில் ஒரு எம்.ஃபில்., பின் பெஞ்சில் ஒரு பி.டெக். நான் எம்.எஸ்ஸி. எழுதாதே என்று சொல்லவில்லை, நானே இன்னும் எழுதிக்கொண்டுதான் இருக்கிறேன். ஆனால் வீட்டில் பேசும்போது ஒரு பக்கம் அரசு வேலை, இன்னொரு பக்கம் வெல்டிங் என்று தராசு வைப்பார்கள். அந்தத் தட்டில் இருப்பது அரசு வேலை இல்லை, அரசு வேலைக்கான பரீட்சை. எங்கள் அப்பாவுக்கு இதைப் புரியவைக்க எனக்கு ஆறு வருடம் ஆயிற்று, எனக்கே புரிய ஐந்து.

முழு நேரம் உட்கார்ந்து படிக்கிற திட்டம் இருந்தால் மட்டும் வேலையை விடு. அரைகுறையாக இரண்டையும் வைத்துக்கொள்ளாதே.

கண்ணாடி வெல்டர்

தம்பி, நான் மாத்தூர் பக்கம். 31 வருடம் பைப் வெல்டர். மேட்டூர், நெய்வேலி, ஜாம்நகர், அப்புறம் சவுதியில் ஜுபைலில் ஏழு வருடம். இடுப்பு போன பிறகு இங்கே சின்னதாக ஒரு ஷெட் போட்டு நாலு பையன்களுக்குச் சொல்லிக்கொடுக்கிறேன். பெயரைப் பார்த்து ஜன்னல் கண்ணாடிக்காரன் என்று நினைக்காதே. பாய்லருக்குள் டியூப்கள் சுவர் மாதிரி வரிசையாக நெருக்கி நிற்கும், பின்பக்கம் தலை நுழையாது. சின்ன முகம் பார்க்கிற கண்ணாடியை வைத்து, அதில் தெரிகிற பிம்பத்தைப் பார்த்துத்தான் ஜாயிண்ட் போட வேண்டும். கை மேலே போனால் கண்ணாடியில் வேறு எங்கோ போகும். வெளிச்சம் நேராக ஒரு தடவை, கண்ணாடியில் பட்டு ஒரு தடவை, இரண்டு தடவை அடிக்கும். எனக்கு அது கைக்கு வர ஒன்றரை வருடம் ஆனது. மேட்டூரில் அந்த வேலைக்கு ஆள் குறைவு, அதனால் பெயர் ஒட்டிக்கொண்டது.

நீ முதலில் புரிந்துகொள்ள வேண்டியது, உன் அப்பா கண்ணில் வெல்டர் யார் என்பது. தெருமுனையில் கிரில் பட்டறை இருக்கும். அதில் கூலிங்கிளாஸ்கூட இல்லாமல், முகத்தைத் திருப்பிக்கொண்டு, குத்தவைத்து கேட் பற்றவைக்கிற பையன், அவன்தான் வெல்டர். அந்தப் பையனைக் குறைவாகச் சொல்லவில்லை, நானும் அங்கேதான் ஆரம்பித்தேன். ஆனால் 6ஜி போடுகிறவனும் அவனும் ஒன்று இல்லை. இது தெரியாத ஆளிடம் போய் "எனக்கு வெல்டர் ஆகணும்" என்றால் அவருக்குக் காதில் விழுவது வேறு.

தெரியாதவர்களுக்காக 6ஜி பற்றி ஒரு வார்த்தை. பைப்பை 45 டிகிரி சாய்த்து அசையாமல் கட்டிவிடுவார்கள். பைப் சுற்றாது, நீதான் அதைச் சுற்ற வேண்டும். அடியில் ஆறு மணியில் ஆரம்பித்து மேலே பன்னிரண்டு மணிக்கு வந்து சேரும்போது தலைக்கு மேல், பக்கவாட்டு, நிமிர்ந்து என்று எல்லா நிலையும் ஒரே ஜாயிண்டில் வந்துவிடும். அதனால்தான் எந்த ஊர்க் கம்பெனியும் அந்த ஒரு கூப்பனை வைத்து ஆளை எடைபோடுகிறது. எக்ஸ்ரேயில் உன் கல்லூரி தெரியாது, சாதி தெரியாது, நீ யார் மகன் என்பதும் தெரியாது. சின்னப் புள்ளி ஒன்று இருந்தால் அது மட்டும் தெரியும். மே மாத வெயிலில் என் முதல் கூப்பனை நான் எப்படி ஃபெயில் பண்ணினேன் தெரியுமா? பரிதாபப்பட்டு யாரோ பெடஸ்டல் ஃபேனை என் பக்கம் திருப்பிவிட்டார்கள். உருகின இரும்பில் காற்றுப் படாமல் மூடிக் காக்கிற ஆர்கான் கேஸ் காற்றில் போய்விட்டது, ஃபிலிம் பூரா தேன்கூடு. என் ஷெட்டில் இன்றைக்கும் ஃபேனைத் தொடுகிறவன் கையில் அடி விழும்.

இனி உன் கேள்வி. பி.இ. வீணா? வீண் இல்லை, ஆனால் நீ நினைக்கிற விதத்தில் இல்லை. 7018 என்கிற வெல்டிங் ராடை 300 டிகிரிக்கு மேல் வாட்டி, ஆறவிடாமல் சின்ன ஓவனில் தூக்கிக்கொண்டு போகச் சொல்வார்கள். எங்கள் ஆட்களில் பாதிப் பேர் திட்டு வாங்கக்கூடாது என்று செய்வார்கள், இன்ஸ்பெக்டர் இல்லாவிட்டால் செய்யமாட்டார்கள். ஈரம் பிடித்த ராடிலிருந்து ஹைட்ரஜன் இரும்புக்குள் இறங்கும், ஜாயிண்ட் ஆறி எல்லோரும் வீட்டுக்குப் போன பிறகு, சில சமயம் மறுநாள்கூட, விரிசல் விடும் என்று உனக்குப் பாடத்திலேயே சொல்லிக்கொடுத்திருப்பார்கள். காரணம் தெரிந்த கைக்கு ஐந்து வருடம் கழித்து மதிப்பு வரும். ஜுபைலில் எனக்கு மேலே இருந்த இன்ஸ்பெக்டர் ஒரு பிலிப்பைன்ஸ்காரர், இன்ஜினியர், முதலில் வெல்டராக இருந்தவர். அவர் டார்ச் லைட் அடித்துப் பார்க்கும்போது நாங்கள் மூச்சு விடமாட்டோம். மற்ற இன்ஸ்பெக்டர்களை ஏமாற்றலாம்.

முதல் ஆறு மாதம் கூலி இல்லை பிரச்சினை. ஓனர் வாய்வார்த்தையாகச் சொன்னதை நம்பி இறங்காதே. ஆறு மாதம் கிரைண்டரைக் கையில் கொடுத்து, பைப் தூக்கவிட்டு, "இன்னும் ஆறு மாசம் போகட்டும்" என்கிற இடங்களும் உண்டு. எனக்கே அப்படி ஒரு வருடம் போனது. வாரத்துக்கு எத்தனை மணி நேரம் டார்ச் கையில் இருக்கும், கூப்பனுக்குப் பைப், ஃபில்லர் ராடு, எக்ஸ்ரே செலவு யாருடையது, இதைக் கேட்டுக்கொள். முடிந்தால் எழுதி வாங்கு. பாஸானால் சர்டிபிகேட் நகல் உன் கையில் இருக்க வேண்டும். அதுவும் ஒருமுறை பாஸானால் ஆயுசுக்கும் இல்லை. ஆறு மாதம் அந்த முறையில் வெல்டிங் அடிக்காமல் இருந்தால் தகுதி போய்விடும், திரும்பக் கூப்பன் போட வேண்டும். டிகிரியை அலமாரியில் வைக்கலாம், இதை வைக்க முடியாது.

நல்லது மட்டும் சொல்லி அனுப்பினால் நான் ஏஜென்ட் ஆகிவிடுவேன், அதனால் இதையும் கேள். 'பெல்' (பிஎச்இஎல்) பாய்லர் தொழிற்சாலை 60களில் இங்கே வந்ததால்தான் துவாக்குடியில் இத்தனை ஷெட், 75ல் வெல்டிங் ஆராய்ச்சி நிலையமும் இங்கேயே வந்தது. ஊரே பாய்லரை நம்பி வளர்ந்தது. நாட்டில் அனல்மின் நிலைய ஆர்டர் குறைந்த வருடங்களில் நம் கண்ணெதிரே எத்தனை ஷெட்டில் பூட்டு தொங்கியது என்று உங்கள் மாமாவைக் கேள். அப்போது நான் ஊரில் இருந்திருந்தால் என் கூப்பனை வைத்து நாக்கு வழித்திருப்பேன். இந்தத் தொழிலில் கை மட்டும் போதாது, ஊரைவிட்டு நகரவும் தெம்பு வேண்டும். வருடத்தில் எட்டு மாதம் சைட் கேம்ப்பில் தகரக் கொட்டகையில் படுக்க முடியுமா? பிளான்ட்டை நிறுத்திப் பழுது பார்க்கிற ஷட்டவுன் என்றால் பன்னிரண்டு மணி நேர ஷிஃப்ட், முப்பது நாள் ஓயாமல். காசு அதில்தான் இருக்கிறது.

வெளிநாட்டுக்கு என்று இரண்டு லட்சம், மூன்று லட்சம் கேட்கிறவனிடம் போகாதே. பதிவு பெற்ற ஏஜென்ட் வாங்கக்கூடிய சர்வீஸ் சார்ஜ் 30,000 ரூபாய், அதற்கு ஜிஎஸ்டி, அவ்வளவுதான். நான் முதல் தடவை போனபோது அம்மா தோட்டை அடகு வைத்தேன், மீட்க இரண்டு வருடம் ஆனது.

அப்பாவிடம் எப்படிச் சொல்வது என்று எனக்குத் தெரியாது. என் அப்பா என்னை வாத்தியாராக்க நினைத்தார். நான் சொல்லாமல் கொள்ளாமல் நெய்வேலிக்கு பஸ் ஏறினேன், மூன்று வருடம் பேசவில்லை. அதை வழியாகச் சொல்லமாட்டேன். ஒன்று மட்டும் செய். அந்த ஹெல்மெட் பொய்யை முதலில் சரிசெய். வேறு எவனாவது சொல்லி அவருக்குத் தெரிந்தால், அப்புறம் நீ கோல்ட் மெடல் கூப்பன் போட்டாலும் அவர் காதில் ஏறாது.

வார்டு நம்பர் எட்டு

நான் ஸ்டாஃப் நர்ஸ். வீட்டுக்காரர் 19 வருடமாக வெல்டர். ஆகவே இரண்டு பக்கமும் தெரியும்.

முதலில் கண். அடுத்த முறை வெல்டிங் ஆர்க் வெளிச்சம் கண்ணில் அடித்தால் உருளைக்கிழங்கு சீவி வைப்பது, தாய்ப்பால் விடுவது இதெல்லாம் வேண்டாம். மரத்துப்போகிற சொட்டு மருந்தைக் கடையில் வாங்கி நீங்களாகத் திரும்பத் திரும்ப விடுவதுதான் இன்னும் மோசம், வலி தெரியாது, புண் ஆறாது. சாதாரணமாக ஒன்றிரண்டு நாளில் சரியாகிவிடும், இல்லையென்றால் டாக்டரிடம் போக வேண்டும். அடிக்கடி பட்டால் அதற்கு விலை உண்டு.

அடுத்தது புகை. 2017ல் உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆராய்ச்சி முகமை வெல்டிங் புகையை மனிதருக்குப் புற்றுநோய் தரும் முதல் பிரிவில் சேர்த்தது. அதற்கு முன் 'தரக்கூடும்' என்ற பிரிவில் இருந்தது. இதை என் வீட்டுக்காரரிடம் சொன்னபோது அவர் சிரித்தார். கர்ச்சீப்தான் இன்றைக்கும் அவர் மாஸ்க். உங்கள் ஷெட்டில் புகை இழுக்கிற ஃபேன் இருக்கிறதா, டங்ஸ்டன் தீட்டுகிற தூசி எங்கே போகிறது, சிவப்பு முனை டங்ஸ்டனா என்று பாருங்கள். சிவப்பு முனை என்றால் அதில் தோரியம் இருக்கிறது, கதிர்வீச்சுள்ள பொருள், தீட்டும்போது அந்தத் தூசியை மூச்சில் இழுக்கக்கூடாது. வேறு நிற முனைகள் கடையில் கிடைக்கின்றன.

உங்கள் அப்பாவைப் பற்றி எல்லோரும் கௌரவம் கௌரவம் என்று நினைக்கிறீர்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. 27 வருடம் ஓடுகிற பஸ்ஸில் நின்றவருக்கு உடம்பு என்ன விலை போகும் என்று தெரியும். அவர் மகனுடைய காலைப் பார்க்கிறார்.

கௌரவமும் இல்லாமல் இல்லை. என் தங்கைக்கு வரன் பார்க்கும்போது, துபாயில் வெல்டர், நல்ல சம்பளம், ஒரு கெட்ட பழக்கமும் இல்லாத பையன். எங்கள் அம்மாவே வேண்டாம் என்றார். மூத்த மாப்பிள்ளை வெல்டர், இரண்டாவதும் வெல்டரா என்றார். அந்த மூத்த மாப்பிள்ளை காசில்தான் அந்த வீட்டுக்கு மாடி எழும்பியது. கைவேலை செய்கிறவனுக்குப் பெண் தரமாட்டோம் என்பதில் படிப்புக் கணக்கு மட்டும் இல்லை, அதற்குப் பின்னால் வேறு கணக்கும் இருக்கிறது. எல்லோருக்கும் தெரியும், யாரும் வாய் திறந்து சொல்வதில்லை. நீங்கள் கல்யாணப் பேச்சு வரும்போது இதைச் சந்திப்பீர்கள். இப்போதே தெரிந்துகொண்டு இறங்குங்கள்.

காட்டூர்ப் பையன்

எல்லோருக்கும் நன்றி. பதினெட்டு நாள் கழித்து எழுதுகிறேன், நடந்ததைச் சொல்லிவிடுகிறேன்.

மாத்தூர் அண்ணன் சொன்னபடி பொய்யை முதலில் எடுத்தேன். ஞாயிற்றுக்கிழமை காலை, அப்பாவுக்கு வாராந்திர ஓய்வு. காலுக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தார். "கண்ணுல பட்டது பார்த்ததால இல்லப்பா, நான்தான் வெல்டிங் அடிச்சேன்" என்றேன். எண்ணெய்க் கிண்ணத்தைத் தள்ளி வைத்தார். எவ்வளவு நாளாக என்றார். ஐந்து மாதம் என்றேன். எழுந்து சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டார். சாப்பாட்டுக்கு வரவில்லை. சாயங்காலம் வந்து அம்மாவிடம் பேசினார், என்னிடம் பேசவில்லை. குரூப் 4 புத்தகங்கள் அலமாரியிலிருந்து என் கட்டில் மேலே வந்திருந்தன. அவ்வளவுதான் பதில்.

ஒன்பது நாள் அப்படியே போனது. பத்தாம் நாள் மத்தியானம், நான் பிராக்டிஸ் கூப்பன் போட்டுக்கொண்டிருக்கிறேன். நாலு இன்ச் பைப், 6ஜி. உள்ளே புகுந்து அடியில் படுத்த மாதிரி இருக்கும், யார் வருகிறார்கள் போகிறார்கள் என்று தெரியாது. ரூட் முடித்து ஹெல்மெட்டைத் தூக்கினால் காக்கிச் சட்டை. டூட்டி முடிந்து துவாக்குடி டெப்போவிலிருந்து நேராக நடந்தே வந்திருக்கிறார், தோளில் பை இன்னும் தொங்குகிறது. எவ்வளவு நேரமாக நிற்கிறார் என்று மாமாவிடம் கேட்டேன். முக்கால் மணி நேரம் என்றார். "ஸ்டூல் போட்டேன், உட்காரல தம்பி" என்றார் மாமா. வெளிச்சத்தைப் பார்க்கக்கூடாது என்று மாமா ஒரு ஹேண்ட் ஷீல்டு கொடுத்திருக்கிறார், அதைப் பிடித்துக்கொண்டு பார்த்தாராம்.

என்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. ஜாயிண்ட் ஆறின பிறகு விரலை வைத்துத் தடவினார். 27 வருடம் சில்லறை எண்ணின விரல், தடவியே செல்லாத காசைச் சொல்லிவிடுவார். "இங்க குழியா இருக்கே" என்றார். உள்பக்கம், சரியாக ஆறு மணி இடத்தில். மாமா டார்ச் லைட் அடித்துப் பார்த்தார். ஆமாம், ரூட் உள்ளே இழுத்துக்கொண்டிருக்கிறது. எக்ஸ்ரேக்கு அனுப்புவதற்கு முன்னாலேயே அப்பா ஃபெயில் போட்டுவிட்டார்.

அப்புறம் ஓனர் அறைக்குள் போனார். நானும் பின்னாலேயே போனேன். இன்ஜினியரை ஹெல்பராக்குகிறீர்களா என்று சண்டை போடப் போகிறார் என்று நினைத்தேன். உட்காருங்க என்றார் ஓனர், அங்கேயும் உட்காரவில்லை. நின்றபடியே, "இங்க பி.எஃப். பிடிக்கிறீங்களா?" என்றார். ஓனர் மேஜை மேல் இருந்த பேனாவைத் திருப்பித் திருப்பி வைத்தார். "இஎஸ்ஐ?" என்றார். ஸ்டாஃபுக்கு உண்டு என்றார் ஓனர். "இவன் ஸ்டாஃபா, லேபரா?" டிரெய்னி என்றார் ஓனர். "அது என்ன கணக்கு?" என்றார் அப்பா. ஓனர் ஆடிட்டரைக் கேட்டுச் சொல்வதாகச் சொன்னார். "சொல்லுங்க, அப்புறம் இவன் சொல்லுவான்" என்று சொல்லிவிட்டு வெளியே வந்து பஸ் ஏறிப் போய்விட்டார்.

ராத்திரி சாப்பிடும்போது பேசினார். "தோத்தா திரும்ப அந்த பேனா வேலைக்கு எடுப்பாங்களா?" எடுக்கமாட்டார்கள் என்றேன். அதற்கு மேல் ஒன்றும் கேட்கவில்லை. புத்தகங்கள் இன்னும் கட்டில் மேல்தான் இருக்கின்றன, நான் கீழே பாய் விரித்துப் படுக்கிறேன்.

ஆடிட்டர் இன்னும் பதில் சொல்லவில்லை. இந்த பி.எஃப்., இஎஸ்ஐ விஷயம் நிஜமாகவே சின்ன ஷெட்டுக்குப் பொருந்துமா? யாருக்காவது தெரியுமா? எங்களிடம் ஒப்பந்தக்காரர் ஆட்களையும் சேர்த்து முப்பதுக்கு மேல் இருப்போம்.

கண்ணாடி வெல்டர்

31 வருடத்தில் நான் ஒரு முதலாளியிடமும் கேட்காத கேள்வி தம்பி அது. கேட்டிருந்தால் இந்த இடுப்போடு ஷெட் நடத்திக்கொண்டிருக்கமாட்டேன்.

பொருந்தும். இருபது பேர் வேலை செய்தால் பி.எஃப்., பத்துப் பேர் இருந்தால் இஎஸ்ஐ. ஒப்பந்தக்காரர் மூலம் வந்தவர்களும் அந்தக் கணக்கில் வருவார்கள். இஎஸ்ஐக்கு மாதச் சம்பளம் 21,000க்குள் இருக்க வேண்டும், நீ 14,300தான். டிரெய்னி என்று பெயர் மாற்றித் தப்பிப்பது பழைய வித்தை. முறையாகப் பதிவு செய்த அப்ரென்டிஸ் என்றால் அது வேறு சட்டம், அப்படியானால் ஒப்பந்தத் தாளைக் காட்டச் சொல். தாள் இல்லையென்றால் நீ தொழிலாளி. ஆடிட்டர் பதிலை எழுத்தில் வாங்கு, உன் அப்பாவையே வாங்கச் சொல், அவர் கேட்டால் கிடைக்கும்.

ஆறு மணி குழிக்கு: ஆர்க்கைக் குட்டையாக வை. ஆம்பியரைக் கொஞ்சம் குறைத்துப் பார். அடியில் இருக்கும்போது ராடை விளிம்பில் வைத்து உருக்காதே, இடைவெளி வழியாக உள்பக்கம் வரை மேலே தள்ளிப் பிடித்து அங்கே உருக வை, அப்போதுதான் உருகினது கீழே இறங்கித் தொங்காமல் உள்ளே நிற்கும். ஐந்தரை மணியிலிருந்து ஆறரை வரை மட்டும் பத்து பைப் வெட்டிப் போடு, முழுச் சுற்றும் போக வேண்டாம். ஃபேன் ஆஃப் பண்ணியிருக்கிறதா பார்.